பதினோராவது பேய்

மார்ச் 3, திங்கள்

மாமா வந்தாயிற்று. கண்புரை ஆபரேஷன் முடிந்து, வலது கண்ணில் பச்சைத் துணியோடு, கையில் சொட்டு மருந்துப் பையோடு ஆட்டோவிலிருந்து இறங்கினார். அத்தை திருப்பூரில் சின்ன மகளின் பிரசவத்துக்குப் போயிருக்கிறார். அதனால் ஒரு மாதம் இங்கேதான்.

சுகந்தி ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "அப்பா ஸ்டுடியோவுல படுத்துக்கட்டும். அங்கதான் ஏசி இருக்கு, வெளிச் சத்தமும் வராது" என்றாள். வெளிச் சத்தம் வராமலிருக்க நான் சுவரெல்லாம் பஞ்சு ஒட்டி, ஜன்னலைப் பலகை வைத்து அடைத்து, மூன்று வருடம் உழைத்த அறை. மாமனார் மதியத் தூக்கத்துக்காகக் கட்டியது போல ஆகிவிட்டது. மைக் ஸ்டாண்டுக்கும் கீபோர்டுக்கும் நடுவே கட்டில் போட்டாயிற்று.

மாமா பெயர் நாச்சிமுத்து. பீளமேட்டில் ஒரு நூல் மில்லில் முப்பத்தெட்டு வருடம் ஃபிட்டர். நான் பேங்க் வேலையை விட்டுவிட்டுச் சென்னைக்கு இசையமைக்க வந்த நாளிலிருந்து என்னோடு அளந்துதான் பேசுவார். காலையில் என்னை லுங்கியோடு பார்த்ததும் வழக்கமான கேள்வி: "ஏனுங் மாப்ள, இன்னைக்கு வேலைக்குப் போகலீங்களா?"

"வேலை வீட்லயேதானுங்க மாமா."

"அதுசெரி" என்றார். அந்த 'அதுசெரி'யில் பதினாலு வருடம் இருந்தது.

பதினாலு வருடத்தில் ஐந்து சீரியல், மூன்று படம். படங்களில் இரண்டு வெளிவரவில்லை. வந்த ஒன்று வெள்ளிக்கிழமை வந்து ஞாயிற்றுக்கிழமை போய்விட்டது. அழுகைக் காட்சிக்கு வயலின் வைக்க மாட்டேன் என்பது என் கொள்கை. ஒரு மருமகள் அழுவதற்கு எவர்சில்வர் அண்டாவில் தண்ணீர் சொட்டும் ஓசையை வைத்தேன். நேயர்கள் எழுந்துபோய்ச் சமையலறைக் குழாயைப் பார்த்தார்களாம். அந்த வாரம் டிஆர்பி படுத்துவிட்டது.

இப்போது 'நீலாங்கரை மோகினி'. மாலை ஆறரை மணிப் பேய் சீரியல். விளக்கு வைக்கிற நேரத்தில் பேயா என்று எதிர்ப்பு வேறு. டைரக்டர் எட்வினுக்கு இதுவரை ஒன்பது பேய்ச் சத்தம் அனுப்பியிருக்கிறேன். இரும்பு வாளியை மொட்டை மாடித் தொட்டிக்குள் இழுத்தது நாலாவது பேய். நானே அலறியது ஏழாவது. அதைக் கேட்டு எட்வினின் குழந்தை கைதட்டிச் சிரித்ததாம்.

மார்ச் 4, செவ்வாய்

பத்தாவது பேயும் அவுட்.

மார்ச் 6, வியாழன்

நிதானமாக எழுத வேண்டும்.

காலையில் ஸ்டுடியோவின் பழைய மின்விசிறி முனகுவதைப் பதிவு செய்யலாம் என்று கட்டிலுக்கு மேலே மைக்கைத் தொங்கவிட்டேன். சாப்பிடக் கூப்பிட்டார்கள், போய்விட்டேன். அணைக்க மறந்துவிட்டேன். மாமா வந்து படுத்து இரண்டு மணி நேரம் தூங்கி எழுந்து போயிருக்கிறார். அவ்வளவும் பதிவாகியிருக்கிறது.

குறட்டை. அழித்துவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். சும்மா ஒரு ஆசைக்கு, கால் பங்கு வேகத்துக்குக் குறைத்துப் போட்டுப் பார்த்தேன். முதுகுத் தண்டில் எறும்பு ஊர்ந்தது. பாழுங்கிணற்றுக்குள்ளிருந்து ஒன்று ஏறி வருகிறது, வருகிறது, வந்துகொண்டேயிருக்கிறது. திடீரென்று நிற்கிறது! கிட்டத்தட்ட ஒரு நிமிடம் ஒன்றுமில்லை, அசல் வேகத்தில் அது பதினாலு விநாடி. பிறகு பிய்த்துக்கொண்டு ஒரு வெடிப்பு. நான் நாற்காலியோடு பின்னால் சாய்ந்துவிட்டேன்.

குறட்டை பெரிதில்லை, அந்த மௌனம்தான் இசை! மற்ற இடத்தையெல்லாம் மெதுவாக்கிவிட்டு மௌனத்தை மட்டும் அசல் நீளத்துக்கே வைத்தேன். முதலில் அந்த இடத்தில் வெறும் காலி ஒலியைச் செருகிப் பார்த்தேன், செத்துப்போனது. மாமாவின் மௌனத்துக்குள் ஏதோ முட்டிக்கொண்டே இருக்கிறது. அதுதான் விஷயம்.

பதினோராவது பேயை எட்வினுக்கு அனுப்பிவிட்டேன்.

மார்ச் 7, வெள்ளி

எட்வின் காலை எட்டு மணிக்கே கூப்பிட்டுவிட்டான். "தலைவா! இன்னா தலைவா இது! யாரோ கதவுக்கு அந்தாண்ட நின்னு தள்ற மாதிரி கீது. எப்டி பண்ண?"

"தொழில் ரகசியம்" என்றேன். பதினாலு வருடமாகச் சொல்லக் காத்திருந்த சொல்.

மார்ச் 11, செவ்வாய்

ஒளிபரப்பு. கண்ணுக்காக டாக்டர் பத்து நாள் டிவி வேண்டாம் என்றார். சுகந்தி அதை ஒரு மாதம் ஆக்கியிருக்கிறாள். ஆகவே மாமா டிவிக்கு முதுகைக் காட்டி, சுவரைப் பார்த்து உட்கார்ந்து, காதால் சீரியல் பார்த்தார்.

மோகினி வந்தாள். சுகந்தி தலையணையை இறுக்கிக்கொண்டாள். மாமா அப்படியே நிமிர்ந்தார். மௌனம் வந்தபோது அவர் கை நாற்காலிப் பிடியைப் பற்றியது. வெடிப்பில், "அட கெரகமே!" என்றார்.

முடிந்ததும் திரும்பி, "இது ஆருங்க பண்ணுனது?" என்றார்.

"நான்தானுங்க மாமா."

ஒற்றைக் கண்ணால் என்னை நெடுநேரம் பார்த்தார். "நெசமாலுமே பயந்து போயிட்டனுங்க மாப்ள" என்றார். கல்யாணமாகிப் பதினாறு வருடத்தில் அவர் எனக்குக் கொடுத்த முதல் நற்சான்று. பிறகு பாத்ரூமுக்குப் போகும்போது என்னைத் துணைக்குக் கூப்பிட்டார். தன் குறட்டைக்கே பயந்து என் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார் மனிதர்! உண்மையைச் சொல்ல வாய் வரை வந்தது. இந்த மரியாதையை ஒரு வாரமாவது அனுபவித்துவிட்டுச் சொல்லலாம் என்று விட்டுவிட்டேன்.

மார்ச் 12, புதன்

கீழ்வீட்டு அம்மாள் வாசலில் எலுமிச்சம்பழம் கட்டியிருக்கிறார். காரணம் நான்! இன்று முழுவதும் கால் தரையில் படவில்லை.

எட்வினுக்கு வாரம் இரண்டு புதுப் பேய் வேண்டுமாம். இன்றிலிருந்து முறையாகப் பதிவு. நோட்டில் குறித்துக்கொள்கிறேன்: இன்று அதிகபட்ச மௌனம் பதினெட்டு விநாடி.

மார்ச் 15, சனி

சில கண்டுபிடிப்புகள். ஒருக்களித்துப் படுத்தால் ஒன்றுமில்லை, சாதாரணக் குறட்டை. மல்லாந்து படுத்தால்தான் கலை. மதியம் பருப்பும் நெய்யும் இரண்டு கை தயிர்ச்சோறும் கூடுதலாக வைத்தால் மௌனம் நீள்கிறது. நானே பரிமாறுகிறேன். "மாப்ளைக்கு என் மேல எத்தனை பிரியம்" என்று மாமா சுகந்தியிடம் சொல்லியிருக்கிறார். தலைக்கு இரண்டு தலையணை வைத்திருந்தார். ஒன்றைத் துவைக்கப் போடுகிறேன் என்று எடுத்துவிட்டேன். இருபத்து மூன்று விநாடி.

இன்னொன்று, என் ஸ்டுடியோ ராசியான அறைதான். மாமா பகலெல்லாம் சொக்கிச் சொக்கி விழுகிறார். காலையில் இட்லியைச் சட்னியில் தொட்டபடியே தூங்கிவிட்டார். அத்தையோடு போன் பேசும்போது அவர்கள் கேட்ட கேள்விக்குக் குறட்டை பதிலாகப் போயிருக்கிறது. "அப்பாவுக்கு இங்கதான் அசந்து தூக்கம் வருது" என்று சுகந்திக்கு ஒரே சந்தோஷம்.

மார்ச் 18, செவ்வாய்

எட்வின் படம் செய்கிறான்! முதல் படம். தயாரிப்பாளர் சரி சொல்லிவிட்டார். இசை நான், நான் மட்டும். டைட்டிலில் என் பெயர் தனி கார்டாக வரும். படத்தின் நடுவில் பன்னிரண்டு நிமிடம் வசனமே கிடையாது. அது முழுக்க என் கையில்.

"ஆனா அந்த கேப்பு இன்னும் பெருசா வேணும் தலைவா. முப்பது செகண்டு. தியேட்டர்ல ஒருத்தன் இருமக் கூடாது. ஒரு மாசம் டைம் எடுத்துக்க சொல்ல மாட்டேன், புரடியூசருக்குப் போட்டுக் காட்டணும், இருபத்தஞ்சாம் தேதிக்குள்ள குடு."

முப்பதென்ன, வாங்கித் தருகிறேன் என்றேன். குகநாதன், இசை: குகநாதன், இசை குகநாதன். எழுதிப் பார்க்கவே நன்றாக இருக்கிறது.

மார்ச் 19, புதன்

தலையில் இடி. மாமா மதியம் தூங்க மாட்டேன் என்கிறார்.

"அந்த ரூம்புல என்னமோ இருக்குதுங்க மாப்ள. படுத்தா நெஞ்சு மேல ஏறி உக்காருது. தொண்டையப் புடிக்குது. திடுக்குனு முழிச்சுக்கறேன், வேர்த்துப் போயிருது. உங்க பேயி அங்கதான் குடியிருக்குது."

பேய்க்குப் பயந்து பேயே தூங்க மறுக்கிறது. இந்த உலகத்தில் எந்த இசையமைப்பாளனுக்காவது இப்படி ஒரு பாடகர் வாய்த்திருப்பாரா? சிரிப்பை அடக்கிக்கொண்டு, நான் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறேன் என்று உறுதி சொல்லி, கட்டில் ஓரமாக நாற்காலி போட்டேன். தூக்கம் வருவதற்காகப் பேச்சுக் கொடுத்தேன்.

மில்லைப் பற்றிப் பேசினார். நூற்றியிருபது மெஷின் ஓடும் ஷெட்டில் கண்ணை மூடி நடந்தே எந்த மெஷினுக்குப் பேரிங் போகப்போகிறது என்று சொல்லிவிடுவாராம். மேனேஜர் வெள்ளைக்காரக் கம்பெனி இன்ஜினியரைக் கூட்டிவந்து பந்தயம் கட்டித் தோற்றாராம். ஆளுக்குத் தூக்கம் வரவில்லை, உற்சாகம்தான் வந்தது.

"உங்களுக்கு ஒண்ணு சொல்லோணும் மாப்ள. தப்பா நெனைக்கப்படாது. அது பேயில்லீங்."

"பின்ன?"

"அது ஆரோ ஒரு ஆளு. மெதுவா ஓட்டி வெச்சிருக்கறீங்க, ஆனா ஓட்டம் தெரியுது. இழுக்குது, அடைக்குது, நிக்குது. உள்ளுக்கு நெஞ்சு மட்டும் கெடந்து தள்ளுது, காத்துப் போகமாட்டேங்குது. அப்பறம் பிச்சுக்கிட்டு வருது. மூச்சு நிக்குதுங்க மாப்ள அந்தாளுக்கு. ஒருநா அது திரும்பி ஓடாது. ஆருன்னு பாத்து, டாக்டருகிட்டக் கூட்டிட்டுப் போகச் சொல்லுங்க."

நான் சிரித்தேன். என்ன காது, என்ன காது! பிறகு சமையலறைக்குப் போய்த் தண்ணீர் குடித்தேன். மறுபடி குடித்தேன்.

மார்ச் 20, வியாழன்

சுகந்தியிடம் சொல்ல நேரம் கிடைக்கவில்லை. அவளுக்கு ஆபீசில் ஆடிட்.

மார்ச் 21, வெள்ளி

எல்லோரும்தான் குறட்டை விடுகிறார்கள். என் அப்பாவும் விட்டார், எண்பத்திரண்டு வரை இருந்தார். மாமாவுக்கு வயது எழுபதுதான். அவர் சொல்வது மெஷினுக்குச் சரி, மனிதனுக்கு எப்படிச் சரியாகும்? செவ்வாய்க்கிழமை எட்வினுக்குக் கொடுத்துவிட்டால் புதன்கிழமையே டாக்டரைப் பார்த்துவிடலாம். நாலைந்து நாளில் என்ன ஆகிவிடும்?

சுகந்தி இன்று சீக்கிரம் வந்தாள். தலைவலி என்று படுத்துவிட்டாள். தொந்தரவு செய்யவில்லை.

மார்ச் 22, சனி

சுகந்தி காய்கறி வாங்கப் போயிருந்தாள். மாமா மூன்று நாள் தூக்கம் பாக்கி, படுத்த மாத்திரத்தில் போய்விட்டார். மல்லாந்து. ஒற்றைத் தலையணை. நான் ஹெட்போனை மாட்டிக்கொண்டு கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றேன்.

முதல் மௌனம் இருபத்தாறு. அடுத்தது இருபத்தொன்பது. முப்பதுக்காக நின்றேன்.

மூன்றாவது தொடங்கியது. எண்ணினேன். முப்பது வந்தது. கை தானாக மேலே போனது, கிரிக்கெட்டில் சதம் அடித்தவனைப் போல. முப்பத்திரண்டு. முப்பத்தைந்து. ஹெட்போனுக்குள் நெஞ்சு முட்டுவது கேட்டது, டொக், டொக் என்று. முப்பத்தெட்டில் அந்த முட்டலும் நின்றது. உதட்டைப் பார்த்தேன். நீலமாகவா இருந்தது? பஞ்சு ஒட்டிய அறையின் விளக்கு அப்படிக் காட்டியதா? நாற்பது. நாற்பத்தொன்று.

ஹெட்போனைப் பிடுங்கி எறிந்தேன். மைக் ஸ்டாண்டு விழுந்தது. "மாமா! மாமா!" என்று இரண்டு தோளையும் பிடித்து உலுக்கினேன். பெரிய வெடிப்போடு மூச்சு வந்தது. எழுந்து உட்கார்ந்து என்னைப் பயந்து பார்த்தார்.

"என்னங்க மாப்ள? பேயி வந்துருச்சுங்களா?"

"நீங்கதானுங்க மாமா அது" என்றேன். அழுதேன். எதற்கும் வயலின் வைக்காதவன், மாமனாரின் பனியனைப் பிடித்துக்கொண்டு விக்கி விக்கி அழுதேன்.

சுகந்தி வந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். முருங்கைக்காயைக் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டாள். "எப்பத் தெரியும் உங்களுக்கு?"

"புதன்கிழமை."

விரல் விட்டு எண்ணினாள். புதன், வியாழன், வெள்ளி, சனி. தலையணை விஷயத்தை அவளிடம் சொல்ல வேண்டாம் என்றிருந்தேன். அதையும் சொல்லிவிட்டேன்.

மார்ச் 26, புதன்

நேற்று ஆஸ்பத்திரியில் தூக்கப் பரிசோதனை. உடம்பெல்லாம் ஒயர் ஒட்டித் தூங்க வைத்துக் கணக்கெடுத்தார்களாம். மணிக்கு நாற்பத்தாறு தடவை மூச்சு நிற்கிறது. பகலில் சொக்கி விழுந்ததற்கும் இதுதான் காரணம், அது தூக்கமே இல்லையாம். இதயம் இதுவரை தாங்கியதே பெரிது என்றார் டாக்டர். என் பதிவுகளைக் கேட்டுவிட்டு, "ரொம்பத் தெளிவா இருக்கு. யார் எடுத்தது?" என்றார்.

மாமா சொன்னார். "எங்க மாப்ளைங்க. மியூசிக் டைரக்டரு. 'நீலாங்கரை மோகினி' பாக்கறீங்களா சார்? அந்தப் பேயி நாந்தானுங்க!"

வெளியே மருந்து வாங்க நின்ற இடத்தில் இரண்டு நர்சுகள் வந்து மாமாவோடு போட்டோ எடுத்துக்கொண்டார்கள். சுகந்தி அந்தப் பக்கம் பார்த்து நின்றாள். அவள் என்னோடு நேராகப் பேசுவதில்லை. "அப்பா, அவரை ஆட்டோ புடிக்கச் சொல்லுங்க" என்கிறாள், நான் இரண்டடி தள்ளி நிற்கும்போதே.

மார்ச் 27, வியாழன்

தூக்கத்தில் மூச்சு அடைக்காமல் காற்றைத் தள்ளும் மெஷின் வந்துவிட்டது. மூக்கில் மாஸ்க், குழாய், பக்கத்தில் டிபன் பாக்ஸ் அளவுக்கு ஒரு பெட்டி. மாமா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, மோட்டார் எந்த ஊர்க்காரன் செய்தது என்று கேட்டார்.

பிறகு தன் குறட்டையைக் கேட்க வேண்டும் என்றார். ஹெட்போனை மாட்டி, அசல் வேகத்திலேயே போட்டேன். கண்ணை மூடி, தலையைச் சாய்த்து, மில்லில் நடந்த மாதிரி கேட்டார். மௌனம் வந்தபோது அவரும் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தார் என்று நினைக்கிறேன். முடிந்ததும் கழற்றிக் கொடுத்தார்.

"முப்பத்தெட்டு வருசம் ஊரான் மெஷினையெல்லாம் கேட்டேன். எம்பட மெஷினக் கேக்கலீங்க பாருங்க." சற்றுப் பொறுத்து, "டைட்டில்ல எம் பேரு போடுவாங்களா?"

திருப்பூருக்குப் போன் போட்டுச் சொன்னார். ஸ்பீக்கரில் அத்தையின் குரல் கேட்டது: "நாப்பத்தஞ்சு வருசமா நாந்தானுங்க பக்கத்துல படுத்துக் கேட்டுட்டிருக்கறேன். எனக்கு ஆரு டைட்டில் போட்டா?"

சுகந்தி சிரித்துவிட்டாள். என்னைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டாள்.

ஏப்ரல் 1, செவ்வாய்

நடந்ததை விவரித்து, புதுப் பேய்க் குரல் இனி வராது என்று எட்வினுக்குச் சொல்லியிருந்தேன். கதையில் அவசரமாக ஒரு மந்திரவாதியைக் கொண்டுவந்து மோகினியை அடைத்துவிட்டார்கள். மாமாவுக்குத் தாங்கவில்லை. "என்னையக் கொண்டுபோய் ஒரு பாட்டலுக்குள்ள போட்டு அடைச்சுட்டானே அந்த எட்வினு! வெளிய வுடச் சொல்லுங்க மாப்ள" என்று ராத்திரிச் சாப்பாடு வரை புலம்பினார்.

ஏப்ரல் 4, வெள்ளி

முந்தாநாள் எட்வின் பேசினான். புதிதாக வேண்டாம், அந்த நாற்பத்தொரு விநாடி இருக்கிறதே, நான் கத்தி, ஸ்டாண்டு விழுந்து எல்லாம் பதிவானது, அது போதும் என்றான்.

"அத மட்டும் குடு தலைவா. படம் எங்கியோ பூடும். மாமாதான் நல்லாகிட்டாரே, இன்னா இப்போ?"

நியாயமான கேள்விதான். மாமாவும் கொடுத்துவிடச் சொல்கிறார். இரண்டு நாளாகப் போட்டுக் கேட்டுப் பார்க்க நினைத்தும் முடியவில்லை. முப்பதில் என் கை மேலே போனதே, அது பதிவில் கேட்காது, எனக்கு மட்டும் கேட்கும்.

இன்று அவனைக் கூப்பிட்டேன். "தர முடியாது எட்வின். அது இசை இல்ல."

"பின்ன இன்னாது?"

"எங்க மாமா."

படம் வேறொருவருக்குப் போகிறது. நாற்பது வயலின் வைக்கிறாராம். வலிக்கிறது. மிகவும் வலிக்கிறது. அதைவிட வலிக்கக்கூடிய ஒன்று நடக்காமல் போனதால் வாயைத் திறக்க வழியில்லை.

ஏப்ரல் 12, சனி

மாமா நாளை மறுநாள் திருப்பூர் போகிறார். கண் பளிச்சென்று தெரிகிறது. பகலில் சொக்குவதில்லை, குறுக்கெழுத்துப் போடுகிறார், என் கீபோர்டைப் பிரித்து ஒட்டிக்கொண்டிருந்த இரண்டு கட்டைகளைச் சரி செய்துவிட்டார்.

மதியம் மாஸ்க்கை மாட்டிக்கொண்டு ஸ்டுடியோவில் படுத்தார். நான் கட்டில் ஓரம் தரையில் உட்கார்ந்தேன். மைக்கெல்லாம் உறைக்குள் இருக்கிறது. உள்ளே, வெளியே, உள்ளே, வெளியே. எந்த டைரக்டரும் சீந்தாத சத்தம். ஒரு திருப்பம் கிடையாது, ஒரு மௌனம் கிடையாது. பழக்கதோஷத்தில் எண்ண ஆரம்பித்து, ஒன்றுக்கு மேல் போகவே முடியாமல், இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று கேட்டுக்கொண்டே இருந்தேன். எப்போது தரையில் சாய்ந்தேன் என்று தெரியாது.

விழித்தபோது மணி ஐந்து. தலைக்கடியில் ஒரு தலையணை இருந்தது. சுகந்தி சுவரில் சாய்ந்து பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். மூன்று வாரத்தில் முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்துப் பேசினாள்.

"நீங்களும்தான் குறட்டை விடறீங்க."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "நிக்குதா?"

"மூணு மணியில இருந்து எண்ணிட்டிருக்கேன்" என்றாள். "நிக்கலை."